தொட்டிக்குள் ஆர்க்கிமிடீஸ்

மிதக்கும் பொருள் தன் எடைக்குச் சமமான எடையுள்ள நீரை விலக்கும். ஆண்டுக்கு ஒரு முறை வீதம் 29 ஆண்டுகள் இந்த வாக்கியத்தைக் கரும்பலகையில் எழுதியிருக்கிறேன். ஒன்பதாம் வகுப்பு அறிவியல். எழுதி முடித்ததும் கைத்தூசியைத் தட்டிவிட்டு, கிரேக்கத்து மனிதர் ஒருவர் குளியல் தொட்டியிலிருந்து எழுந்து இடுப்பில் துணியில்லாமல் தெருவில் ஓடிய கதையைச் சொல்வேன். பிள்ளைகளுக்கு விதி மறந்துவிடும், துணியில்லாதது மட்டும் பொதுத்தேர்வு வரைக்கும் நினைவிருக்கும். பணி ஓய்வு பெற்ற மூன்றாம் ஆண்டில் அதே விதி எங்கள் வீட்டுக் கழிப்பறைக்குள் வந்து நின்று என்னைக் கேள்வி கேட்டது. வீட்டுப்பாடம் எழுதாத பையன் மாதிரி முழித்தேன்.

எங்கள் வீடு தாம்பரம் தாண்டி. கழிப்பறைச் சுவரில் வெள்ளை பிளாஸ்டிக் ஃப்ளஷ் டேங்க், 10 லிட்டர் பிடிக்கும், வீடு கட்டிய வருஷம் மாட்டியது. தண்ணீர் அளவு மீறினால் வெளியே போக அதன் பக்கவாட்டில் சுண்டுவிரல் தடிமனில் ஒரு ஓவர்ஃப்ளோ குழாய். ஒருநாள் அதிகாலை உட்கார்ந்திருக்கும்போது பிடரியில் ஒரு சொட்டு விழுந்தது. கொஞ்சம் பொறுத்து இன்னொன்று. அக்னி நட்சத்திரத்தில் சிவலிங்கத்துக்கு மேலே தாராபாத்திரம் கட்டித் தொங்கவிடுவார்களே, அந்த ஏற்பாடு.

முதலில் நான் கண்டுபிடித்த தீர்வு, கொஞ்சம் இடது பக்கம் தள்ளி உட்காருவது. மூன்று வாரம் அப்படியே ஓட்டினேன். மனிதன் சொட்டுக்குத் தகுந்தபடி உட்காரப் பழகிவிடுகிறான். மனைவிதான் ஒருநாள் காலை மொட்டை மாடியிலிருந்து இறங்கி வந்து கேட்டாள்.

"ஏங்க, ராத்திரி டேங்கை ரொப்பிட்டுத்தானே படுத்தேன். விடிஞ்சா பாதி இல்லையே. யாருங்க குளிச்சது?"

சொட்டு இதற்குள் மெல்லிய ஒழுக்காகியிருந்தது. ஒரு லிட்டர் பிடிக்கும் மக்கை ஓவர்ஃப்ளோ குழாயின் கீழே பிடித்து, கைக்கடிகாரத்தைப் பார்த்தேன். நிரம்ப மூன்று நிமிடம். ஒரு நாளைக்கு 1,440 நிமிடம், மூன்றால் வகுத்தால் 480 லிட்டர். விடை முழு எண்ணாக வந்ததில் எனக்கு ஒரு மகிழ்ச்சி. 2019 கோடையில் சென்னைக்குத் தண்ணீர் கொடுக்கும் ஏரிகள் வறண்டுபோய், ஜூலை மாதம் ஜோலார்பேட்டையிலிருந்து ரயிலில் தண்ணீர் வந்ததே, ஒரு ரயிலுக்கு 25 லட்சம் லிட்டர். அதையும் 480 ஆல் வகுத்தேன். 5,208 நாள். அதாவது 14 வருஷமும் கொஞ்சமும்.

"எங்க டேங்க் ஒழுகி ஒழுகி அந்த ஒரு ரயிலைக் காலி பண்ண 14 வருஷம் ஆகும். ராமர் காட்டுக்குப் போயிட்டுத் திரும்பி வர்ற காலம்!" என்றேன்.

"கணக்கு ரொம்ப நல்லா இருக்குங்க. ஒழுகுறது எப்போ நிக்கும்?"

பிளம்பரைக் கூப்பிட்டேன். "நாளைக்கு வர்றேன் சார்" என்றார். நான்காவது நாளைக்கு வந்தார். மூடியைத் திறக்கவில்லை, வெளியிலிருந்தே தொட்டியை ஒரு தட்டு தட்டினார், டாக்டர் வயிற்றைத் தட்டிப் பார்ப்பதுபோல. "பழசு சார். செட்டோட மாத்திடலாம்" என்று ஒரு தொகை சொன்னார். எனக்குத் தொகையைவிட அந்தத் தட்டுதான் உறுத்தியது. 29 ஆண்டுகள் பாய்மங்களை நடத்தியவன் வீட்டில் மூடியைக்கூடத் திறக்காமல் தீர்ப்பா? நானே பார்த்துக்கொள்கிறேன் என்று அனுப்பிவிட்டேன். அவர் சிரிக்கவில்லை. படியிறங்கும்போது, "வேணும்னா போன் பண்ணுங்க சார்" என்று மட்டும் சொன்னார். அதில் ஒரு தீர்க்கதரிசனம் இருந்தது.

அன்று இரவு தூக்கம் வரவில்லை. கழிப்பறையில் தண்ணீர் ஒழுகும் ஓசை கேட்டுக்கொண்டே இருந்தது. நம் பழைய அரசர்களின் பாசறைகளில் நாழிகைக் கணக்கர் என்று சிலர் இருந்தார்கள், முல்லைப்பாட்டில் வருகிறார்கள். பாத்திரத்தில் நீர் கசிவதைப் பார்த்துப் பொழுது சொல்வது அவர்கள் வேலை. சம்பளமில்லாமல் அதே வேலையை நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

நீர்க் கடிகாரத்துக்கும் கழிப்பறைத் தொட்டிக்கும் இருக்கிற உறவு அப்போதுதான் உறைத்தது. பாத்திரத்தில் நீர்மட்டம் குறையக் குறையக் கசிவின் வேகமும் குறையும், நேரம் தப்பும். கி.மு. மூன்றாம் நூற்றாண்டில் அலெக்சாண்டிரியாவில் தெசிபியஸ் என்பவர் இதற்கு ஒரு வழி கண்டார். உள்ளே ஒரு மிதவை. நீர் ஏறினால் மிதவையும் ஏறி வழியை அடைக்கும், இறங்கினால் திறக்கும், மட்டம் மாறாமல் நிற்கும். காவலுக்கு ஆள் வேண்டாம். தன்னைத்தானே திருத்திக்கொள்ளும் இயந்திரங்களின் வரலாற்றை எழுதுபவர்கள் அந்த மிதவையிலிருந்துதான் தொடங்குகிறார்கள். அதன் பேரப்பிள்ளைதான் எங்கள் வீட்டில் கெட்டுப்போய்க் கிடந்தது.

இன்னொன்றும் தோன்றி எனக்கு ரொம்பத் தெம்பு கொடுத்தது. இந்தத் தெசிபியஸ் ஒரு நாவிதரின் மகன். 1596 இல் தண்ணீர் அடித்துக் கழுவும் கழிப்பறையைப் பற்றி இங்கிலாந்தில் புத்தகமே எழுதிய ஜான் ஹாரிங்டன் அரசவைக் கவிஞர்களில் ஒருவர், முதலாம் எலிசபெத் ராணியின் ஞானப்பிள்ளை. அதன்பின் உருப்படியாக அடுத்த அடி வைக்க 1775 ஆனது. அந்த ஆண்டு நாற்றம் மேலே வராமல் தடுக்கும் வளைந்த குழாய்க்குக் காப்புரிமை வாங்கிய அலெக்சாண்டர் கம்மிங் கடிகாரம் செய்பவர். மூன்று ஆண்டு கழித்து அதை மேலும் திருத்திய ஜோசப் பிராமா தச்சுவேலை கற்றவர், பின்னாளில் பூட்டு செய்து புகழ்பெற்றவர். இவர்களில் ஒருவர்கூட பிளம்பர் இல்லை! கழிப்பறையையே கண்டுபிடித்தவர் என்று ஊரெல்லாம் பேர் வாங்கியிருக்கிற தாமஸ் கிராப்பர் மட்டும்தான் நிஜமான பிளம்பர். அவர் அதைக் கண்டுபிடிக்கவே இல்லை, பிறப்பதற்கு முன்பே அது இருந்தது. இருப்பதைத் திருத்தினார், நன்றாக விற்றார். ஹாரிங்டனுக்கும் கம்மிங்குக்கும் நடுவே 179 வருஷம் என்பதை நினைத்தபோது எங்கள் பிளம்பரின் நான்கு நாள் மேல் இருந்த கோபமும் தணிந்துவிட்டது.

காலையில் ஹார்டுவேர் கடைக்குப் போனேன்.

"தம்பி, கழிப்பறைத் தொட்டிக்கு மிதவை வேணும்."

"மிதவையா? போட்டுக்குப் போடுறதா சார்?"

"டாய்லெட் டேங்குக்குள்ள இருக்குமே, பந்து மாதிரி."

"ஃப்ளோட்டா! அப்படிச் சொல்லுங்க சார். சைடு இன்லெட்டா, பாட்டம் இன்லெட்டா? பித்தளையா, பிளாஸ்டிக்கா? ராடு நீளமா, குட்டையா?"

வாழ்நாளில் எத்தனை பிள்ளைகளை எழுப்பி நிறுத்தி இப்படி வரிசையாகக் கேட்டிருப்பேன். தலை கவிழ்ந்தேன். பையன் இரக்கப்பட்டு, "பழசைக் கழட்டிக் கொண்டுவாங்க சார், பார்த்து மேட்ச் பண்ணித் தர்றேன்" என்றான். தமிழ்நாட்டின் எல்லா ஹார்டுவேர் கடைகளிலும் முடிவாகச் சொல்லப்படும் வாக்கியம் இதுதான். முதல் வாக்கியமாகவே சொல்லிவிட்டால் மானம் மிஞ்சும்.

கழற்ற வேண்டுமென்றால் முதலில் தண்ணீரை நிறுத்த வேண்டும். டேங்குக்குக் கீழே சுவரில் அதற்கென்றே ஒரு ஆங்கிள் வால்வு உண்டு. எங்கள் தெருவில் போர் தண்ணீர் உப்பு. வீடு கட்டிய நாளிலிருந்து யாரும் தொடாத அந்த வால்வு உப்புப் பூத்துச் சுவரோடு சுவராகச் சமாதி அடைந்திருந்தது. பலம்கொண்ட மட்டும் திருகினேன். என் மணிக்கட்டு திரும்பியது, வால்வு திரும்பவில்லை. சரி, மேலேயே மூடிவிடலாம் என்று மொட்டை மாடிக்குப் போனேன். அங்கே நான்கு வால்வுகள். எது எங்கே போகிறது என்று எழுதிவைக்க வேண்டும் என்று வீடு கட்டும்போதே நினைத்தேன். நினைத்ததோடு சரி.

முதல் வால்வை மூடினேன். "ஏங்க, சமையல்கட்டுல நின்னுபோச்சு!" இரண்டாவதை மூடினேன். சத்தமில்லை. இதுதான் என்று இறங்கி வந்து பார்த்தால் டேங்க் தன்பாட்டுக்கு ஒழுகுகிறது. மறுபடி ஏறி மூன்றாவதை மூடுவதற்குள் கீழிருந்து, "சார்! சார்!" என்று ஒரு அலறல். தரைத்தளத்தில் குடியிருப்பவர் தலை முழுக்கச் சீயக்காய் தேய்த்துக்கொண்டு நிற்கிறார், அன்றைக்கு சனிக்கிழமை, எண்ணெய்க் குளியல். இரண்டாவது வால்வு யாருடையது என்று இப்போது தெரிந்தது. கண் எரிச்சலில் அவர் அன்று சொன்ன சிலவற்றை வாடகை உடன்படிக்கையில் எந்தப் பிரிவின் கீழும் கொண்டுவர முடியாது. நான்காவதுதான் எங்களுடையது. இப்போது நான்கிலும் பெயின்ட்டால் எழுதிவிட்டேன். நீங்களும் ஃப்ளோட்டைத் தொடுவதற்கு முன் அதைச் செய்துவிடுங்கள், குடியிருப்பவர்கள் குளிக்காத நேரமாகப் பார்த்து.

மூடியைத் திறந்தேன். உள்ளே வெள்ளையாக உப்புப் படிந்து, ஒரு சின்ன குகை மாதிரி இருந்தது. ஓரத்தில் ஒரு வால்வு, அதிலிருந்து ஒரு பித்தளைக் கம்பி, கம்பியின் நுனியில் ஆரஞ்சுப் பழ அளவில் ஒரு பிளாஸ்டிக் பந்து. மொத்த ரகசியமும் அவ்வளவுதான். ஃப்ளஷ் செய்ததும் தொட்டி காலியாகிப் பந்து இறங்கும், வால்வின் வாய் திறக்கும். தண்ணீர் ஏற ஏறப் பந்தும் ஏறும். கம்பி நெம்புகோலாகி, வாயில் இருக்கிற ரப்பர் வாஷரை அழுத்தி அடைக்கும். பந்தின் மேல் கொஞ்சம் தூக்குவிசைதான். ஆனால் கம்பி நீளம் என்பதால் மாடி டேங்கிலிருந்து வருகிற தண்ணீரை அது மறித்துவிடும்.

எங்கள் பந்து மறிக்கவில்லை. கழற்றிக் காதோரம் வைத்துக் குலுக்கினேன். களக், களக். தேங்காய் வாங்கும்போது இந்தச் சத்தம் கேட்டால் நல்ல காய் என்று பையில் போட்டுக்கொள்வோம். பந்துக்கு அது சாகிற நேரத்துச் சத்தம். மயிரிழை விரிசல் வழியாகத் தண்ணீர் உள்ளே போய்ப் பந்து கனத்துவிட்டது. கனத்த பந்து முக்கால்வாசி முழுகியே கிடந்தது, கம்பி உயரவில்லை, வாய் மூடவில்லை. அதாவது ஆர்க்கிமிடீஸ் சொன்னபடிதான் எல்லாம் நடந்திருக்கிறது. விதி ஒழுங்காக வேலை செய்ததால்தான் டேங்க் ஒழுகியது. இதை மனைவியிடம் சொல்லலாமா என்று யோசித்தேன். சொல்லவில்லை.

கடைப் பையன் பந்தை வாங்கிப் பார்த்துவிட்டு, "பந்து மட்டும் தனியாவும் கிடைக்கும் சார். ஆனா உள்ள வாஷரும் தேஞ்சிருக்கும், செட்டாவே போட்டுடுங்க" என்றான். செட் 180 ரூபாய். டெஃப்லான் டேப் ஒன்று 20. கூடவே ஒரு அட்ஜஸ்டபிள் ஸ்பேனர் 450. ஸ்பேனரைக் கையில் பிடித்ததும் உடம்பில் ஒரு நிமிர்வு வந்தது. அந்த நிமிர்வுக்கே 450 கொடுக்கலாம்.

மாட்டும்போது நான் செய்த தவறுகளைச் சுருக்கமாகவே சொல்கிறேன். டேப்பை மரையின் மேல் சுற்றும்போது மரையின் வாய் நம்மைப் பார்த்திருக்க வேண்டும், கடிகாரம் சுற்றும் திசையில் சுற்ற வேண்டும், கோயிலில் பிரகாரம் சுற்றுவதுபோல. நான் அப்பிரதட்சிணமாகச் சுற்றினேன். நட்டை முறுக்க முறுக்க டேப் இடியாப்பமாகப் பிதுங்கி வெளியே வந்தது. அடுத்து, பிளாஸ்டிக் நட்டைக் கையால் இறுக்கி, ஸ்பேனரால் இன்னும் கால் சுற்று கொடுத்தால் போதுமாம். புது ஸ்பேனர் சும்மா இருக்க விடுமா? டப்பென்று நட்டு இரண்டாகப் பிளந்தது. மறுபடி கடை. நட்டு 30, இன்னொரு டேப் 20. பையன் இந்த முறை ஒன்றும் கேட்கவில்லை, என்னைப் பார்த்ததும் எடுத்து மேஜைமேல் வைத்துவிட்டான்.

மூன்றாவது, வாஷர். அதை டேங்குக்கு வெளியே போட்டேன். வால்வைத் திறந்ததும் சுவரெல்லாம் தண்ணீர். மனைவி வந்தாள், குப்பைக் கூடையிலிருந்து ஃப்ளோட் வந்த அட்டையை எடுத்து ஒரு நிமிடம் பார்த்தாள். "ஏங்க, படத்துல ரப்பர் உள்பக்கம் இருக்கே" என்றாள். படம் போட்டுப் பாகம் குறிக்கச் சொல்லிப் பிள்ளைகளுக்கு ஐந்து மதிப்பெண் போட்டவன் நான். அட்டையைக் கிழித்த வேகத்தில் படத்தைப் பார்க்கவே இல்லை.

மாட்டியாயிற்று. இனி மட்டம். ஓவர்ஃப்ளோ குழாயின் வாய்க்கு ஓர் அங்குலம் கீழே தண்ணீர் நிற்க வேண்டும். அதற்கு மேல் போனால் ஒழுகும், ரொம்பக் கீழே நின்றால் அடிக்கிற வேகம் போதாது, ஒரு தடவைக்கு இரண்டு தடவை அழுத்த வேண்டிவரும், மிச்சம் பிடித்த தண்ணீர் அங்கேயே செலவாகும். புதிய பிளாஸ்டிக் வகைகளில் இதற்கு ஒரு திருகு இருக்கிறது. பித்தளைக் கம்பி என்றால் கம்பியைத்தான் வளைக்க வேண்டும். எந்தப் பக்கம்?

இயற்பியலை நினைத்துக்கொண்டு மேல்பக்கம் வளைத்தேன். பந்து உயரத்தில் இருந்தால் வேலை சீக்கிரம் முடியும் என்று ஒரு கணக்கு. வால்வைத் திறந்தேன். தண்ணீர் ஏறியது, அங்குலக் கோட்டைத் தொட்டது, தாண்டியது, ஓவர்ஃப்ளோவைத் தொட்டது, பந்து மேலே சும்மா ஆடிக்கொண்டிருந்தது. குழாய் வழியாக ஒரு பீச்சு, நேராக என் சட்டைப் பைக்குள்.

வாசலில் நின்ற மனைவி சொன்னாள்: "பந்தைக் கீழ அமுக்குங்க. தண்ணி சீக்கிரம் அதைத் தொடும், சீக்கிரம் மூடும்."

ஒரே வாக்கியம். சமன்பாடு இல்லை, படம் இல்லை, அம்புக்குறி இல்லை. அமுக்கினேன், தண்ணீர் பாதித் தொட்டியிலேயே நின்றுவிட்டது. கொஞ்சம் தூக்கினேன். மறுபடி கொஞ்சம் அமுக்கினேன். ஏழாவது வளைப்பில் ஓர் அங்குலக் கோட்டில் வந்து 'உஸ்' என்று அடங்கியது. அந்த அமைதி எப்படிப்பட்டது என்பது மூன்று வாரம் அந்த ஒழுக்கைக் கேட்டவர்களுக்குத்தான் தெரியும். மத்தியானம் நான் கேஸ் புத்தகத்தின் பின்னட்டையில் நெம்புகோல் விதிப்படி எழுதிச் சரிபார்த்தேன். மனைவி சொன்னது சரிதான்.

கதை இங்கே முடிந்திருக்கலாம். ஆனால் இரவு இரண்டு மணிக்கு யாரும் தொடாமலே டேங்க் தானாக 'உஸ்' என்று நிரம்பி அடங்கியது. முக்கால் மணி கழித்து மறுபடியும். பேய் வந்து போகிறதா என்றால், அதற்கு இத்தனை வயிற்றுக்கோளாறு இருக்க வாய்ப்பில்லை. மேலே சரியாக இருந்தும் இப்படி நடந்தால், தொட்டியின் அடியில் இருக்கிற ஃப்ளஷ் வாஷர் கசிகிறது என்று பொருள். சத்தமில்லாமல் கோப்பைக்குள்ளேயே போய்விடுவதால் கண்ணுக்குத் தெரியாது. இதற்கு ஒரு நல்ல சோதனை உண்டு. டேங்குக்குள் நான்கு சொட்டு நீலம் விட்டு, ஃப்ளஷ் செய்யாமல் அரை மணி நேரம் விட வேண்டும். கீழே கோப்பையில் நீலம் தெரிந்தால் கசிவு உறுதி. வேட்டிக்குப் போடுகிற அதே சொட்டு நீலம்தான். ஞாயிற்றுக்கிழமை காலை நான்கு சொட்டு போதாதென்று கால் பாட்டிலைக் கவிழ்த்துவிட்டு, பேப்பர் படிக்க வந்துவிட்டேன்.

அந்த நேரம் பார்த்து என் மனைவியின் அண்ணன் செங்கல்பட்டிலிருந்து வந்திருந்தார். சர்க்கரை உள்ளவர், முந்தின வாரம்தான் டாக்டர் மாத்திரையை மாற்றியிருந்தார். வந்ததும் வராததுமாக உள்ளே போனார். ரொம்ப நேரம் கழித்து வெளியே வந்தார். முகத்தில் ரத்தமில்லை. காபி வேண்டாம் என்றார். இட்லியும் வேண்டாம் என்றார். என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, தங்கைக்குக் கேட்காத குரலில் கேட்டார்.

"மாப்பிள்ளை, இங்க பக்கத்துல ஞாயித்துக்கிழமை திறந்திருக்கிற லேப் எதுவும் இருக்கா?"

விஷயத்தைச் சொன்னதும் அவர் சிரிப்பார் என்று எதிர்பார்த்தேன். அவர் சொன்ன ஒரு சொல்லை இங்கே எழுத முடியாது. அதன்பின் ஏழு இட்லி சாப்பிட்டார்.

அடி வாஷர் 15 ரூபாய். அதை மாற்ற எனக்குக் கால் மணி நேரம்தான் ஆனது, ஒரு நட்டும் உடையவில்லை. மொத்தச் செலவு 715. கீழ்வீட்டுக்காரருக்கு வாங்கிக் கொடுத்த சீயக்காய்ப் பொட்டலம் தனி. பழைய பந்தைத் தூக்கிப்போட மனசு வரவில்லை. தெசிபியஸின் வாரிசு என்று அலமாரியில் வைத்தேன், மனைவி அன்றே குப்பையில் போட்டுவிட்டாள்.

இப்போது மாதாமாதம் சோதனை செய்கிறேன். ஆகவே எங்கள் வீட்டுக்கு வருகிற உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும், பழைய மாணவர்களுக்கும் ஒரு வேண்டுகோள்: மாதத்தின் முதல் ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு முதல் எட்டு வரை உள்ளே நீலமாக எது தெரிந்தாலும் பயப்படாமல் வெளியே வந்து காபி சாப்பிடவும்.